திருமலைக் குடாவைப் படிப்பது எப்படி: வாய், ஆழம், ஆறு

திருமலைக்கு, அதாவது இலங்கையின் கிழக்குக் கரையிலுள்ள திருகோணமலைக்கு, டிசம்பரில் போய்வந்தவர், காலை நனைக்கவே பயமான கடல் என்பார். ஜூலையில் போனவர், குழந்தைகளை இறக்கிவிட்டு நிம்மதியாகக் கரையில் உட்கார்ந்திருந்தேன் என்பார். இரண்டும் உண்மைதான். அதே டிசம்பரில், உப்புவெளிக் கரையில் அலை ஆளைப் புரட்டிப் போடும் நாளில், ஐந்தாறு கிலோமீற்றர் தள்ளி உள்துறைமுகத்தில் கப்பல்கள் அசையாமல் நங்கூரமிட்டு நிற்கும். ஓர் ஊர், ஒரு நாள், இரண்டு வேறு கடல். இது ஏன் என்று விளங்கிக்கொண்டால், எந்த மாதம் போவது, எந்தக் கரையில் இறங்குவது, எப்போது படகு ஏறுவது என்பதை யாரையும் கேட்காமல் நீங்களே ஓரளவு சொல்லிவிடலாம்.

அதற்கு மூன்று கேள்விகள் போதும். குடாவின் வாய் எந்தத் திசையைப் பார்க்கிறது? உள்ளே எவ்வளவு ஆழம்? எந்த ஆறு வந்து விழுகிறது?

எது குடா, எது வெறும் வளைவு

கரை சற்று உள்வாங்கிய இடமெல்லாம் குடா ஆகிவிடாது. 1982ஆம் ஆண்டின் ஐக்கிய நாடுகள் கடற்சட்ட உடன்படிக்கை, தன் 10ஆம் உறுப்புரையில் இதற்கு ஒரு கணக்கு வைத்திருக்கிறது. வாயின் இரண்டு முனைகளையும் ஒரு நேர்கோட்டால் இணையுங்கள். அந்தக் கோட்டை விட்டமாக வைத்து ஓர் அரைவட்டம் போடுங்கள். கோட்டுக்கு உள்ளே இருக்கும் நீர்ப்பரப்பு அந்த அரைவட்டத்தின் அளவோ அதற்கு மேலோ இருந்தால் அது குடா. குறைந்தால் வெறும் வளைவு.

திருமலையில் இதைப் போட்டுப் பார்க்கலாம். வடக்கே கோணேசர் கோயில் நிற்கும் சுவாமி மலை ஒரு முனை. தென்கிழக்கே, சம்பூருக்கு அப்பால், வெளிச்சவீடு நிற்கும் ஃபவுல் முனை மற்றது. வரைபடத்தில் இடைத்தூரம் ஏறக்குறைய 10 கிலோமீற்றர். அந்த விட்டத்துக்கு அரைவட்டம் சுமார் 39 சதுர கிலோமீற்றர். உள்துறைமுகத்தின் நீர்ப்பரப்பு மட்டுமே 1,630 ஹெக்டேயர், அதாவது 16 சதுர கிலோமீற்றருக்கு மேல். மூதூர்க் கரை வரை பரந்து கிடக்கும் கொட்டியாரக் குடாவையும் சேர்த்தால் கணக்கு தாராளமாகத் தேறும். நிலாவெளிக் கரையை இதே சோதனைக்கு வைத்தால் தேறாது. பெயருக்கு எவ்வளவு அழகான கடற்கரையாக இருந்தாலும் அது திறந்த கடலின் விளிம்புதான். பயணிகள் முதலில் குழம்புவது இங்கேதான். அவர்கள் தங்குவது பெரும்பாலும் உப்புவெளி, நிலாவெளி. அவை குடாவுக்கு வெளியே இருக்கின்றன.

ஆகவே இடத்தை ஒரு வீடு மாதிரி நினைத்துக்கொள்ளுங்கள். உப்புவெளி, நிலாவெளி, புறாத்தீவு எல்லாம் முற்றம், கூரை கிடையாது. கொட்டியாரக் குடா திண்ணை. ஒரு பக்கம் திறந்திருந்தாலும் பெரும்பகுதி ஒதுக்குப்புறம். உள்துறைமுகம் உள்வீடு. அதன் வாசல் சுமார் 500 மீற்றர் அகலந்தான், அதுவும் ஒஸ்ரன்பேர்க் குன்றுத்தொடரின் மறைவில் திரும்பியிருக்கிறது. வெளியே எழும் பேரலை அந்த ஒடுக்கமான வாசலால் நுழைந்தாலும் உள்ளே விசிறிபோல விரிந்து வலுவிழந்துவிடும். கொழும்புத் துறைமுகத்துக்குக் கடலுக்குள் கல் அணை கட்ட வேண்டியிருந்தது. இங்கே அந்த வேலையைக் குன்றுகளே செய்துவிட்டன.

அலை ஏன் குடாவுக்குள் மெலிகிறது, முனையில் ஏன் ஆவேசப்படுகிறது என்பதையும் ஒரு வரியில் சொல்லிவிடலாம். ஆழம் குறைந்த இடத்தில் அலையின் வேகம் குறையும். வேகம் குறைந்த பக்கமாக அலை வளையும். இதனால் நீட்டிக்கொண்டிருக்கும் முனையை நோக்கி இரு பக்கத்திலிருந்தும் அலை குவிகிறது. உள்வளைந்த கரையில் அதே ஆற்றல் நீண்ட தூரத்துக்குப் பரந்துவிடுகிறது. சுவாமி மலையின் அடியில் இன்னொன்றும் சேர்கிறது. பாறை நூறு மீற்றருக்கு மேல் செங்குத்தாக நிற்கிறது, அதன் காலடியிலும் நீர் ஆழம். மோதிய அலை உடையாமல் திரும்பி வந்து, எதிரே வரும் அலையோடு முட்டும். மேலிருந்து பார்ப்பவருக்கு அழகு. சின்ன வள்ளத்தில் அதன் அருகே போனவருக்கு எந்தப் பக்கம் அலை வருகிறதென்றே தெரியாது. அதனால்தான் அனுபவமுள்ள ஓட்டிகள் மலையை ஒட்டிப் போகாமல் விலகியே சுற்றுவார்கள்.

வாய் வடகிழக்கே பார்க்கிறது: அதுதான் காலண்டர்

இலங்கையின் கிழக்குக் கரைக்கு ஆண்டில் இரண்டு முகம். ஒக்டோபர் கடைசியில் வாடை திரும்பும். வடகிழக்கிலிருந்து, வங்காள விரிகுடாவின் முழு நீளத்தையும் கடந்து வரும் காற்று அது. காற்று எவ்வளவு நீண்ட நீர்ப்பரப்பின்மேல் தடையில்லாமல் ஓடுகிறதோ அவ்வளவு பெரிய அலையை எழுப்பும். குடாவின் வாய் அந்தத் திசையையே பார்த்துக்கொண்டிருப்பதால் நவம்பர் முதல் ஜனவரி வரை வெளிக்கரை முழுவதும் கொந்தளிப்பு. கொட்டியாரக் குடாவின் தென்கரைக்கும் அலை எட்டும். ஆண்டு மழையின் பெரும்பகுதியும் இந்த மாதங்களில்தான் கொட்டும். சூறாவளி வந்தாலும் இந்தப் பருவத்தில்தான். 2020 டிசம்பர் 2ஆம் திகதி புரெவிச் சூறாவளி கரை கடந்தது திருமலைக்குச் சற்று வடக்கேதான்.

மே மாதமளவில் காற்று எதிர்ப்பக்கம் திரும்புகிறது. தென்மேற்குப் பருவக்காற்று. கொழும்பு, காலிப் பக்கம் கடல் குமுறும் காலம் அது. ஆனால் அந்தக் காற்று திருமலையை அடைவதற்குள் மலைநாட்டைத் தாண்டி மழையை அங்கேயே இறக்கிவிட்டு, வறண்ட சூடான காற்றாக வருகிறது. கிழக்கில் இதைக் கச்சான் என்பார்கள். தென்மேற்கிலிருந்து வரும் பெரிய அலைகளைத் தீவின் உடம்பே மறித்துவிடுகிறது. நிலத்திலிருந்து கடலுக்கு வீசும் காற்றுக்குக் கரையோரத்தில் அலை எழுப்ப இடமில்லை. விளைவு, ஏப்ரல் முதல் செப்டெம்பர் வரை தட்டையான, தெளிந்த கடல். மேற்குக் கரை மீனவர்கள் பலர், நீர்கொழும்பு, சிலாபம் பக்கத்திலிருந்து, இந்த மாதங்களில் வள்ளத்தோடு கிழக்குக்கு இடம்பெயர்ந்து தொழில் செய்வது பல தலைமுறைப் பழக்கம். கரைவலை இழுப்பதும் இந்தக் காலத்தில்தான். காலையில் கரைவலைக் கயிறு நீண்டு கிடக்கும் இடத்தில் நீந்தப் போகாதீர்கள். வலைக்குச் சொந்தக்காரரான சம்மாட்டி கத்துவது ஒருபுறமிருக்க, இழுபடும் கயிற்றில் கால் சிக்கினால் ஆபத்து.

அறுகம் குடாவில் அதே மாதங்களில் அலைச்சறுக்கு நடக்கிறதே, அதுவும் கிழக்குக் கரைதானே என்று கேட்கலாம். அறுகம் குடா தீவின் தென்கிழக்கு மூலைக்கு அருகில். தெற்கிலிருந்து வரும் நீண்ட அலைகள் மூலையைச் சுற்றி வளைந்து அங்கே போய்விடும். திருமலை மிக வடக்கே, நல்ல மறைவில் இருக்கிறது. அலைச்சறுக்குப் பலகையோடு ஜூலையில் நிலாவெளிக்கு வருபவர் ஏமாந்து திரும்புவார்.

இந்த அமைதியான கடலில்தான் ஒரு பொறி இருக்கிறது. கொஞ்சம் நின்று சொல்ல வேண்டிய விஷயம். கச்சான் நிலத்திலிருந்து கடலுக்கு வீசுகிறது. கரையில் மரங்களும் கட்டடங்களும் மறைப்பதால் முதல் ஐம்பது, நூறு மீற்றரில் காற்றே இல்லாததுபோல் இருக்கும்; தண்ணீர் பளிங்கு. அதைத் தாண்டியதும் மறைப்பு தீர்ந்து காற்று முழுப் பலத்தோடு பிடிக்கும். காற்று நிரப்பிய மெத்தை, ரப்பர் வளையம், சிறிய மிதவை எல்லாம் பாயைப்போலக் காற்றை வாங்கிக்கொள்ளும். சாதாரணமாக நீந்துபவர் மணிக்கு 2 கிலோமீற்றர் அளவுதான் முன்னேறுவார்; மெத்தை அதைவிட வேகமாகப் போய்விடும். துரத்திப் போகிறவர் களைத்துத் திரும்பிப் பார்க்கும்போது கரை தூரத்தில் இருக்கும், திரும்பும் வழி முழுக்க எதிர்க்காற்று. ஆகவே கச்சான் நாளில் மிதக்கும் விளையாட்டுப் பொருட்களைக் கடலில் இறக்கவே வேண்டாம். பந்து போனால் போகட்டும். கயாக் எடுத்தால் முதலில் காற்றை எதிர்த்துப் போங்கள், திரும்பும்போது காற்று துணை வரும்படி. கரையை ஒட்டியே போங்கள். நிலக்காற்றில் நேரே கடலுக்குள் போவதென்பது திரும்பும் பயணத்தைக் கடனில் வாங்குவது.

காற்றை அளக்க கருவி தேவையில்லை. தூரக் கடலைப் பாருங்கள். அங்கொன்று இங்கொன்றாக வெள்ளை நுரை தெரிந்தால் மணிக்கு 12 முதல் 19 கிலோமீற்றர். பரவலாக வெள்ளை தெரிந்தால் 20க்கு மேல். இரண்டாவது நிலையில் புதியவர் கயாக்கில் ஏறக்கூடாது.

வாடை முடிந்த கையோடு, பெப்ரவரி, மார்ச்சில் வெளிக்கரைக்குப் போகிறவர்கள் கவனிக்க வேண்டியது வேறு. கடல் அடங்கியதுபோல் இருக்கும், ஆனால் மணல்திட்டுகள் வாடையில் இடம் மாறியிருக்கும். அவற்றுக்கு இடையே தண்ணீர் கடலுக்குத் திரும்பும் வாய்க்கால்கள் உண்டு. அலை உடையும் வரிசையில் ஓரிடத்தில் மட்டும் அலை உடையாமல், தண்ணீர் சற்றுக் கறுத்து, நுரை வெளிப்பக்கமாக நகர்ந்தால் அதுதான் அந்த இடம். அமைதியாகத் தெரிகிறதே என்று புதியவர் தேடிப்போய் இறங்குவதும் அங்கேதான். இழுபட்டால் கரையை நோக்கி மல்லுக்கட்டாதீர்கள். மிதந்துகொண்டு கையை உயர்த்துங்கள். தெம்பு இருந்தால் கரைக்கு இணையாக இருபது முப்பது மீற்றர் நீந்தி, அலை உடையும் பக்கமாக வந்து திரும்புங்கள். அந்த நீரோட்டம் ஆளைக் கீழே இழுப்பதில்லை, வெளியேதான் கொண்டுபோகிறது. எதிர்த்து நீந்திக் களைப்பதால்தான் பெரும்பாலானோர் மூழ்குகிறார்கள்.

வற்றுப்பெருக்கைப் பற்றி நீங்கள் கவலைப்பட வேண்டாம். கனடாவின் ஃபண்டி குடாவில் நீர்மட்டம் 16 மீற்றர் வரை ஏறி இறங்கும். அந்தக் குடாவின் நீளமும் ஆழமும் கடலின் பன்னிரண்டரை மணி நேரத் தாளத்தோடு ஒத்துப்போவதால் அப்படி. திருமலையில் வித்தியாசம் ஒரு மீற்றருக்கும் குறைவு. காலையில் விரித்த பாயை மாலையில் நகர்த்த வேண்டியதில்லை. கடற்கரையின் அகலம் நாளுக்கு நாள் மாறாது, பருவத்துக்குப் பருவம் மாறும்.

ஆழம்: திமிங்கிலம் ஏன் இங்கே வருகிறது

பெரும்பாலான குடாக்கள் ஆழமற்றவை. பாக்கு நீரிணைப் பக்கம் போனால் பல மைல் தூரத்துக்குப் பத்துப் பதினைந்து மீற்றர்தான். திருமலை அப்படியல்ல. கொட்டியாரக் குடாவுக்குள்ளேயே தொடங்கி, கடலடியில் ஒரு பெரும் பள்ளத்தாக்கு வெளியே இறங்கிப்போகிறது. இந்து சமுத்திரத்தின் பெரிய கடலடிப் பள்ளத்தாக்குகளில் ஒன்று. இலங்கையைச் சுற்றியுள்ள கண்டமேடையே, அதாவது கரையை ஒட்டிய ஆழமற்ற கடலடியே, ஒடுக்கமானது. இந்தப் பள்ளம் அதையும் வெட்டிக்கொண்டு ஆழ்கடலைக் கரையின் காலடிக்குக் கொண்டுவந்துவிடுகிறது.

ஆழ்கடல் உயிர்கள் கரைக்குப் பக்கத்தில் கிடைக்கின்றன என்பதுதான் இதன் பொருள். எண்ணெய்த் திமிங்கிலம் கணவாயைத் தேடி ஒரு கிலோமீற்றர் ஆழம் வரை மூழ்குவது. மற்ற ஊர்களில் அதைப் பார்க்க நாள்கணக்கில் கடலோட வேண்டும். இங்கே விடியலில் புறப்பட்டு மதியச் சாப்பாட்டுக்குத் திரும்பிவிடலாம். நீலத் திமிங்கிலமும் இப்பகுதிக்கு வரும். சில நாட்களில் சுவாமி மலையிலிருந்தே அதன் மூச்சுத்தாரை கண்ணில் படும். காலம் மார்ச் கடைசி முதல் ஆகஸ்ட் வரை. இது மிருகக்காட்சிசாலை அல்ல. எதுவும் தெரியாமல் திரும்பும் நாளும் உண்டு. "கட்டாயம் காட்டுவோம்" என்று சொல்லும் படகை விட, "நேற்று எங்கே கண்டோம்" என்று சொல்லும் படகை நம்பலாம்.

என்ன தெரிகிறது என்று கண்டுகொள்ள மூச்சைப் பாருங்கள். நீலத் திமிங்கிலத்தின் தாரை நேராக, ஒடுக்கமாக, ஒன்பது மீற்றர் வரை எழும். காற்றில்லாத காலையில் ஒரு கிலோமீற்றருக்கு அப்பாலும் தெரியும். எண்ணெய்த் திமிங்கிலத்தினது குட்டையாக, முன்பக்கம் இடதுபுறமாகச் சாய்ந்து வரும், ஏனென்றால் அதன் மூக்குத்துளை தலையின் இடது ஓரத்தில் இருக்கிறது. அது பத்து நிமிடமளவு மேலே மிதந்து மூச்சு வாங்கிவிட்டு, வாலை முழுதாக உயர்த்திச் செங்குத்தாக இறங்கினால், முக்கால் மணி நேரம் போகலாம் மறுபடி தெரிய. அந்த இடத்திலேயே எஞ்சினை ஓடவிட்டுக் காத்திருப்பது எரிபொருள் வீண். வேறு கூட்டத்தைத் தேடுவதே நல்லது. கறுப்பு முதுகுகள் கூட்டமாகத் துள்ளி, காற்றில் சுழன்று விழுந்தால் அவை சுழல் டொல்பின்கள். இவை ஏறக்குறைய எல்லா நாளும் கிடைக்கும்.

படகு எவ்வளவு கிட்டப் போகலாம்? 100 மீற்றருக்குள் போகக் கூடாது என்று வைத்துக்கொள்ளுங்கள். முன்னால் குறுக்கே போய் வழியை மறிப்பதும், தாயையும் குட்டியையும் பிரிப்பதுபோல் நடுவில் நுழைவதும் மிகத் தவறு. பயந்த திமிங்கிலம் மூச்சை முழுதாக வாங்காமலே மூழ்கும். அப்படி மூழ்கினால் உங்களுக்கும் காட்சி போச்சு. ஓட்டியைத் துரத்தச் சொல்லி அவசரப்படுத்துவது பெரும்பாலும் பயணிகள்தான் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

ஏறுமுன் பாருங்கள்: எல்லோருக்கும் அளவான உயிர்காப்பு அங்கி இருக்கிறதா, கைத்தொலைபேசி எட்டாத தூரத்தில் கரையோடு பேச வழி இருக்கிறதா, வெயிலுக்கு மறைப்பு இருக்கிறதா. கடல் ஒத்துக்கொள்ளாதவர்கள் மாத்திரையைப் படகில் ஏறிய பிறகு போடுவதில் பயனில்லை. ஒரு மணி நேரம் முன்பே போட வேண்டும். பின்பக்கம் ஆட்டம் குறைவு, ஆனால் எஞ்சின் புகை அங்கேதான். ஆகவே நடுவில், சற்றுப் பின்தள்ளி உட்கார்ந்து தூரத் தொடுவானத்தைப் பாருங்கள். தொலைபேசித் திரையைக் குனிந்து பார்ப்பவருக்குத்தான் முதலில் குமட்டும். வெறும் வயிறும் வேண்டாம், எண்ணெய்ப் பலகாரமும் வேண்டாம். இரண்டு இடியப்பம் போதும்.

இந்த ஆழந்தான் ஊரின் அரசியல் வரலாற்றையும் எழுதியது. எதிரே சோழமண்டலக் கரை நேர்கோடு. சென்னையில் செயற்கைத் துறைமுகம் வருமுன் வாடைக் காலத்தில் ஒதுங்க இடமில்லாமல் பாய்க்கப்பல்கள் அங்கிருந்து விலகிப் போக வேண்டியிருந்தது. பெரிய கப்பலும் எந்தப் பருவத்திலும் நுழையக்கூடிய ஆழமான உள்துறை வங்காள விரிகுடாவின் இந்தப் பக்கத்தில் திருமலைதான். 1620களில் போர்த்துக்கேயர் கோணேசர் கோயிலை இடித்து அதன் கற்களால் கோட்டை எழுப்பினார்கள்; 1639இல் ஒல்லாந்தர் பிடித்தார்கள்; 1782 என்ற ஒரே ஆண்டில் ஜனவரியில் ஆங்கிலேயர், ஆகஸ்டில் பிரெஞ்சுக்காரர் என்று கை மாறியது; 1795இல் மறுபடி ஆங்கிலேயர். 1942 ஏப்ரல் 9இல் ஜப்பானிய விமானங்கள் குண்டு போட்டதும் இதற்காகத்தான். பிரித்தானியக் கடற்படை 1957இல்தான் வெளியேறியது. இன்று உள்துறை இலங்கைக் கடற்படையின் கையில்.

ஆறு: தண்ணீர் கலங்குவதற்கும் தெளிவதற்கும் காரணம்

மகாவலி கங்கை, 335 கிலோமீற்றர், நாட்டின் மிக நீளமான ஆறு. தீவின் ஏறக்குறைய ஆறில் ஒரு பங்கு நிலத்தின் மழைநீர் அதில் வருகிறது. அது கடலைச் சேர்வது கொட்டியாரக் குடாவின் தென்கரையில், மூதூர்ப் பக்கம். இத்தனை மணலைக் கொட்டும் ஆறு குடாவை எப்போதோ தூர்த்திருக்க வேண்டும். ஆனால் கொண்டுவரும் மண்ணின் ஒரு பகுதி கடலடிப் பள்ளத்தில் சரிந்து ஆழ்கடலுக்குப் போய்விடுகிறது. ஆகவே தென்கரையில் சேறும் கண்டல் காடும் ஆழமற்ற நீரும், சற்று வடக்கே பாதாளமும். ஒரே குடாவில் இப்படி.

பயணிக்கு இதன் பலன் எளிது. மழைக்காலத்திலும் அதற்குப் பின் சில வாரங்களும் குடாவின் தென்பாதி கலங்கல். தண்ணீருக்கடியில் எதையாவது பார்க்க நினைப்பவர் மே முதல் செப்டெம்பர் வரை வரட்டும். ஆற்றுவாயில் எந்தப் பருவத்திலும் நீந்த வேண்டாம்: கலங்கலில் ஆழம் தெரியாது, மணல்திட்டு திடீரென்று முடிந்துவிடும், ஆற்றோட்டமும் கடலோட்டமும் முட்டும், முதலை இருக்கக்கூடிய நீரும்கூட. அந்தப் பக்கத்தின் இன்பம் பறவை பார்ப்பதும் கண்டல் ஓரமாகப் படகில் போவதும்தான். கிண்ணியாப் பாலம் 2009இல் திறந்த பிறகு சாலைவழி போவது சுலபமாகிவிட்டது; அதற்கு முன் 'பாதை' எனப்படும் மிதவைப் படகில் ஏறித்தான் கடக்க வேண்டும்.

முருகைக்கற்கள் வெளியே இருக்கின்றன

முருகைக்கல், அதாவது பவளம், வளரத் தெளிந்த நீரும் வெளிச்சமும் வேண்டும். அதனால்தான் நல்ல பார்கள் (பவளத்திட்டுகள்) ஆற்றுக்கு எட்டாத வடக்கே, நிலாவெளிக்கு எதிரே, புறாத்தீவைச் சுற்றி இருக்கின்றன. கரையிலிருந்து சுமார் ஒரு கிலோமீற்றர். 1963இல் சரணாலயமாகவும் 2003இல் தேசியப் பூங்காவாகவும் அறிவிக்கப்பட்டது. பெரியது, சிறியது என்று இரண்டு தீவு. மாடப்புறாக்கள் கூடு கட்டுவதால் இந்தப் பெயர். 1998இல் இந்து சமுத்திரத்தில் நீர் சூடாகி முருகைக்கற்கள் வெளிறியபோது இலங்கையின் தென்மேற்குப் பார்கள் பெருஞ்சேதம் கண்டன. இந்தப் பார் பெருமளவு தப்பியது. இப்போது அதன் பெரிய எதிரி வெப்பத்தோடு சேர்ந்து மனிதக் கால்.

நிலாவெளியில் வனஜீவராசிகள் திணைக்கள அலுவலகத்தில் நுழைவுச்சீட்டு வாங்கி, படகில் பத்துப் பதினைந்து நிமிடம். படகுக் கட்டணம் வேறு, நுழைவுக் கட்டணம் வேறு. பேசும்போதே இரண்டையும் பிரித்துக் கேளுங்கள். முதல் படகில் போவதே சிறந்தது. கூட்டமும் இல்லை, மணலும் கிளம்பியிருக்காது. பள்ளி விடுமுறையில் பத்து மணிக்குமேல் போனால் மீனை விட ஆட்களைத்தான் அதிகம் காண்பீர்கள்.

நீர்க்கண்ணாடியைக் கரையிலேயே சோதியுங்கள். பட்டியை மாட்டாமல் முகத்தில் வைத்து மூக்கால் மெதுவாக மூச்சை இழுங்கள். கையை எடுத்தாலும் ஒட்டிக்கொண்டிருந்தால் அளவு சரி. விழுந்தால் எவ்வளவு இறுக்கிக் கட்டினாலும் தண்ணீர் கசியும். நெற்றி முடி உள்ளே மாட்டியிருந்தாலும் மீசை தடிப்பாக இருந்தாலும் கசியும். உள்பக்கம் எச்சில் தடவிக் கழுவினால் பனிமூட்டம் படியாது. மூச்சுக்குழாயில் தண்ணீர் புகுந்தால் பதறி நிமிராமல், "தூ" என்று ஒரே மூச்சில் பலமாக ஊதினால் வெளியேறிவிடும். இதை இடுப்பளவு நீரில் ஐந்தாறு தடவை பழகாமல் பார்மேல் போகாதீர்கள்.

பல இடங்களில் ஆழம் ஒன்றிலிருந்து மூன்று மீற்றர்தான். பிரச்சினை அதனால்தான் வருகிறது. களைத்த ஆள் நிற்பதற்குக் கால் ஊன்றுகிறார். ஊன்றுவது பல ஆண்டு வளர்ந்த முருகைக்கல்மேல், அல்லது உடம்பெல்லாம் முள்ளான கடல் முள்ளியின்மேல். நீந்தத் தெரிந்தவரும் உயிர்காப்பு அங்கி போடச் சொல்வது இதற்காகத்தான், மிதந்தபடி ஓய்வெடுக்கலாம். வெயிலுக்குக் களிம்பு பூசுவதைவிட நீளக்கை உடுப்பு மேல், முதுகும் தப்பும் பாரும் தப்பும். தீவின் கரை முழுக்க உடைந்த முருகைக்கல் துண்டுகள், வெறுங்காலில் நடக்க முடியாது. மறுபக்கத்து ஒதுக்கில் கறுப்புமுனைச் சுறாக்கள் தெரியும். ஆளைக் கண்டால் அவைதான் ஓடும். துரத்தாமல் அசையாமல் மிதந்தால் சுற்றி வரும்.

முள்ளி குத்தினால், பொறுக்கக்கூடிய அளவு சுடுநீரில், 40 முதல் 45 பாகை செல்சியஸ், அரை மணி நேரத்துக்கு மேல் காலை வைத்திருங்கள். விஷம் வெப்பத்தில் வலுவிழக்கும். தெரியும் முள்ளை இடுக்கியால் எடுங்கள், கிண்ட வேண்டாம். சொறி (ஜெல்லிமீன்) பட்டால் மணல் தேய்ப்பதும் நல்ல தண்ணீர் ஊற்றுவதும் தவறு; தோலில் ஒட்டிய கொட்டணுக்கள் இன்னும் வெடிக்கும். கடல்நீரால் கழுவி, மூச்சுத் திணறலோ நெஞ்சு இறுக்கமோ வந்தால் உடனே ஆசுபத்திரி.

சிலிண்டரோடு சுழியோடுபவர்களுக்குச் சுவாமி மலையின் அடி இன்னொரு உலகம். 1956இல் அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க்கும் அவருடைய சுழியோடி நண்பர் மைக் வில்சனும் அங்கே இறங்கியபோது, இடிக்கப்பட்ட கோயிலின் செதுக்கிய தூண்களையும் கற்களையும் கண்டார்கள். முன்சொன்ன திரும்பலைக் காரணத்தால் இது அமைதியான மாதங்களுக்கு மட்டும், அனுபவமுள்ள வழிகாட்டியோடு மட்டும். பாறை இடுக்கில் எதையும் தொட்டு எடுக்கக் கூடாது.

குடும்பத்தோடு எங்கே

சின்னப் பிள்ளைகள் இருந்தால் என் தேர்வு மாபிள் பீச். விமானப்படை நடத்துவது, கட்டணம் உண்டு. அது குடாவுக்குள் இருப்பதால், வெளிக்கரை கொஞ்சம் முரண்டு பிடிக்கும் ஏப்ரல் தொடக்கத்திலும் ஒக்டோபர் முதல் பாதியிலும்கூட அங்கே தண்ணீர் அடங்கியிருக்கும். உப்புவெளி நகரத்துக்குக் கிட்ட, சாப்பாடு, ஓட்டோ எல்லாம் கைக்கெட்டும். நிலாவெளி 15 கிலோமீற்றர் அளவு வடக்கே. கரை நீளம், ஆள் குறைவு, ஆகவே ஆபத்தில் கூப்பிட்டால் ஓடிவர ஆளும் குறைவு.

கடல் இடம் கொடுக்காத நாளுக்கு: கோட்டைக்குள் நடந்து கோணேசர் கோயில் வரை ஏறுங்கள், வழியில் புள்ளிமான்கள் மேயும். மலையிலுள்ள பாறைப் பிளவான இராவணன் வெட்டின் விளிம்பில் கம்பியைத் தாண்டிப் படம் எடுக்க வேண்டாம். கன்னியா வெந்நீர்க் கிணறுகள் ஏழும் நகரத்திலிருந்து எட்டுக் கிலோமீற்றர் அளவு. எரிமலைச் சூடல்ல, ஆழத்தில் பாறைச் சூட்டில் காய்ந்த நிலத்தடி நீர்.

கொழும்பிலிருந்து இரவு ரயில் ஏறினால் விடியலில் வந்து சேரலாம். உள்துறைமுகத்தைச் சுற்றிய பல இடங்கள் கடற்படைப் பகுதி. அங்கே ட்ரோன் பறக்கவிடுவதும், கயாக்கோடு நுழைவதும், முகாம் வாசலைப் படம் பிடிப்பதும் வீண் வம்பு. உள்ளே பார்க்க ஆசைப்படுகிறவர்களுக்கு ஒஸ்ரன்பேர்க் குன்றில் கடற்படையின் ஹூட்ஸ் டவர் அருங்காட்சியகம் இருக்கிறது. பழைய பீரங்கி மேடையிலிருந்து 500 மீற்றர் வாசல், வலப்புறமும் இடப்புறமுமாக உள்துறையும் குடாவும், எல்லாம் ஒரே பார்வையில் விளங்கும். அடையாள அட்டையோ கடவுச்சீட்டோ கையோடு கொண்டுபோங்கள், வாசலில் கேட்பார்கள்.